சந்தேகம் வேறு, 'டவுட்' வேறு

கேள்வி: மேடம், நான் ஓரகடம் பக்கம் ஒரு உதிரிபாகத் தொழிற்சாலையில் மெயின்டனன்ஸில் இருக்கிறேன். தமிழ்வழியில் படித்து டிப்ளமோ முடித்தவன். போன மாதம் புது பிரஸ் மெஷினை நிறுவ இங்கிலாந்திலிருந்து ஒரு இன்ஜினியர் வந்திருந்தார். பாகங்களைத் தூக்குகிற கிரேனின் வயர் ரோப்பில் இழைகள் பிரிந்து நிற்பதைப் பார்த்தேன். அறுந்துவிடுமோ என்று பட்டது. ஓடிப்போய், "சார், ஐ டவுட் த ரோப் வில் கட்" என்றேன். அவர் சிரித்துக்கொண்டே "குட், தேங்க்ஸ்" என்று சொல்லிவிட்டு வேலையைத் தொடர்ந்தார். நல்லவேளையாக எங்கள் ஷிப்ட் இன்சார்ஜ் பார்த்துவிட்டு கிரேனை நிறுத்தினார். மறுநாள் மீட்டிங்கில் "ஏன் யாரும் என்னிடம் சொல்லவில்லை?" என்று அந்த இன்ஜினியர் கேட்டார். நான் சொன்னேனே என்றேன். "அறுந்துபோகாது என்றுதானே நீ சொன்னாய்" என்கிறார்! நான் என்ன தப்பாகச் சொன்னேன்? இப்போது நியர் மிஸ் (மயிரிழையில் தப்பிய விபத்து) ரிப்போர்ட்டை என்னையே எழுதச் சொல்லியிருக்கிறார்கள். பிரஸ் ஷாப்புக்குப் புது போர்டு வாசகம் எழுதுவதும் என் தலையில். டேஞ்சர், வார்னிங், காஷன் எல்லாம் ஒன்றுதானே? அப்புறம், அஃப்ரெய்ட், ஸ்கேர்டு, ஃபியர் இதில் எதை எங்கே போடுவது? அந்த இன்ஜினியரின் மெயிலில் "ஐம் அஃப்ரெய்ட் த பார்ட் வில் பி லேட்" என்று இருந்தது. பார்ட் லேட்டாக வந்தால் அவருக்கு எதற்குப் பயம்?

— ஒரு வாசகர், காஞ்சிபுரம் மாவட்டம்

பதில்:

தம்பி, முதலில் ஒரு விஷயம். நீங்கள் பார்த்தது சரி, ஓடிப்போய்ச் சொன்னது சரி, அறுந்துவிடும் என்று நினைத்ததும் சரி. ஒரே ஒரு வார்த்தை காலை வாரிவிட்டது. அந்த வார்த்தையிடம் மாட்டியவர் நீங்கள் மட்டுமில்லை. இருபது வருடமாகத் தொழிற்சாலைகளில் ஆங்கிலம் சொல்லிக்கொடுக்கிறேன். 'டவுட்'டைத் தப்பாகப் போடாத ஒரு வகுப்பைக்கூட நான் பார்த்ததில்லை.

தமிழில் 'சந்தேகம்' இரண்டு பக்கமும் சாயும். "அவன் வருவானா என்பது சந்தேகம்தான்" என்றால் வரமாட்டான் என்று நினைக்கிறோம். "அவன்தான் எடுத்திருப்பானோ என்று சந்தேகம்" என்றால் எடுத்திருக்கிறான் என்று நினைக்கிறோம். ஒரே சொல், இரண்டு எதிர்த் திசை. நமக்குக் குழப்பமே வராது. வாக்கியத்தின் போக்கில் புரிந்துவிடும். ஆங்கிலத்தில் இந்த இரண்டு வேலைக்கும் இரண்டு ஆட்கள். 'டவுட்' முதல் வேலைக்கு மட்டும்தான் வரும். அதாவது, நடக்காது என்று நினைப்பதற்கு. "ஐ டவுட் ஹி வில் கம்" என்றால் அவர் வரமாட்டார் என்றே நினைக்கிறேன். அப்படியானால் "ஐ டவுட் த ரோப் வில்..." என்று நீங்கள் தொடங்கியதை அவர் எப்படிக் கேட்டிருப்பார்? "ரோப் அறுந்துபோகும் என்று எனக்குத் தோன்றவில்லை சார்." அதனால்தான் 'குட்' என்றார். பாவம், அவர்மேலும் தப்பில்லை. ரோப் நன்றாக இருக்கிறது என்று ஒரு பையன் மெனக்கெட்டு வந்து சொல்லிவிட்டுப் போகிறானே என்று நினைத்திருப்பார்.

இரண்டாவது வேலைக்கு, அதாவது கெட்டது நடந்திருக்கும் அல்லது நடக்கும் என்று நினைப்பதற்கு, 'சஸ்பெக்ட்' என்று வேறு சொல் இருக்கிறது. நாளிதழில் "சந்தேகத்தின்பேரில் இருவர் கைது" என்று வருகிறதே, அந்தச் சந்தேகம். நீங்கள் சொல்ல நினைத்தது "ஐ சஸ்பெக்ட் த ரோப் இஸ் கோயிங் டு பிரேக்". வகுப்பில் கைதூக்கி "மேடம், ஒரு டவுட்" என்கிறோமே, அது மூன்றாவது கதை. அங்கே 'டவுட்' என்றால் நமக்குக் கேள்வி என்று பொருள். இந்தியாவுக்குள் அது செல்லுபடியாகும். இங்கிலாந்துக்காரரிடம் "ஐ ஹேவ் எ டவுட்" என்றால், அவர் சொன்னதை நம்பவில்லை என்று முகத்துக்கு நேரே சொன்ன மாதிரி இருக்கும். 'கொஸ்டின்' என்றே சொல்லிவிடுங்கள்.

சரி, 'சஸ்பெக்ட்' கற்றுக்கொண்டால் போதுமா என்றால், போதாது. அவசரத்தில் 'ஐ சஸ்பெக்ட்', 'ஐ திங்க்', 'ஐ ஃபீல்' எதுவுமே வேண்டாம் என்பது என் கட்சி. இவை எல்லாம் உங்கள் மனசைப் பற்றிய செய்தி. கேட்கிறவருக்கு வேண்டியது ரோப்பைப் பற்றிய செய்தி. மூன்று துண்டாகச் சொல்லுங்கள். என்ன பார்த்தீர்கள்: "த ரோப் இஸ் டேமேஜ்டு." என்ன ஆகலாம்: "இட் மே பிரேக்." என்ன செய்ய வேண்டும்: "ஸ்டாப் த கிரேன்." மூன்றுமே நாலு வார்த்தைக்குள். இலக்கணம் தடுக்கி விழ இடமே இல்லை. நேரம் இன்னும் குறைவாக இருந்தால் மூன்றாவதை முதலில் சொல்லுங்கள். காரணம் அப்புறம் பேசிக்கொள்ளலாம்.

பெரியவரிடம் "ஸ்டாப்" என்று சொல்வதா என்று உங்களுக்குக் கூச்சம் வரும். வரும் என்று எனக்குத் தெரியும். நம்மில் பலர் ஆபத்தைக்கூட "சார், ஒரு சின்ன ப்ராப்ளம்" என்றுதான் ஆரம்பிக்கிறோம். இது நம் ஊர்க்காரர்களின் பழக்கம் மட்டுமில்லை. மேலதிகாரியிடமோ வேற்று மொழியிலோ பேசும்போது யாருக்கும் நாக்கு மெதுவாகிவிடும். அது எவ்வளவு தூரம் கொண்டுபோய் விடும் என்பதற்கு விமானத் துறையில் ஒரு கதை இருக்கிறது. என் எல்லா வகுப்பிலும் இதைச் சொல்வேன்.

1990 ஜனவரி 25. கொலம்பியாவின் பொகோட்டாவிலிருந்து மெடெயின் வழியாக நியூயார்க் வந்த அவியாங்கா 52 என்ற போயிங் 707 விமானம். நியூயார்க்கில் மோசமான வானிலை, விமான நெரிசல். அந்த விமானத்தை வழியில் மூன்று இடங்களில் வட்டமடிக்க வைத்தார்கள். மொத்தம் ஒன்றேகால் மணி நேரத்துக்கும் மேல். எரிபொருள் அபாய அளவுக்குக் குறைந்துவிட்டது. தரையோடு ஆங்கிலத்தில் பேசியவர் துணை விமானி. "எங்களுக்குப் பிரயாரிட்டி வேண்டும்" என்றார். இறங்க முயன்று முடியாமல் மறுபடி மேலே ஏறியபோது கேப்டன் அவரிடம், நாம் எமர்ஜென்சியில் இருக்கிறோம் என்று சொல்லச் சொன்னார். அவர் ரேடியோவில் சொன்னது, "வி வில் ட்ரை ஒன்ஸ் அகெய்ன், வி ஆர் ரன்னிங் அவுட் ஆஃப் ஃப்யூயல்." எரிபொருள் தீர்ந்துகொண்டிருக்கிறது என்று. தமிழில் கேட்டால் நமக்கு வயிற்றைக் கலக்குகிறது. தரையில் இருந்தவர்களுக்கு அது அன்றாடம் காதில் விழுகிற பேச்சு. நீண்ட பயணத்தின் முடிவில் எல்லா விமானத்திலும்தான் எரிபொருள் தீர்ந்துகொண்டிருக்கும். 'எமர்ஜென்சி' என்ற சொல்லோ, உயிராபத்தில் விமானிகள் உதவி கேட்கும் 'மேடே' என்ற சொல்லோ கடைசிவரை ரேடியோவில் வரவில்லை. விமானம் லாங் ஐலண்டில் கோவ் நெக் என்ற இடத்தில் விழுந்தது. இருந்த 158 பேரில் 73 பேர் இறந்தார்கள். விழுந்த விமானம் தீப்பிடிக்கவில்லை. எரிவதற்கு எரிபொருள் இல்லை.

அமெரிக்க விசாரணை அமைப்பு, எரிபொருளைச் சரியாகக் கவனிக்கவில்லை என்பதோடு, எரிபொருள் நெருக்கடியைத் தரைக்குத் தெரியப்படுத்தவில்லை என்பதையும் காரணமாகச் சொன்னது. இரு பக்கத்துக்கும் ஒரே பொருள் தருகிற நிலையான சொற்கள் அன்று இல்லை என்பதையும் சேர்த்துக்கொண்டது. இன்று அந்த இடத்துக்குச் சொல் குறித்து வைத்திருக்கிறார்கள். 'மினிமம் ஃப்யூயல்' என்றால் இனித் தாமதம் தாங்காது. 'மேடே' மூன்று முறை சொல்லி 'ஃப்யூயல்' என்றால் இப்போதே இறங்கியாக வேண்டும். சர்வதேச விமானிகளுக்கு ஆறு படி கொண்ட ஆங்கிலத் தேர்வில் குறைந்தது நாலாவது படி வேண்டும் என்ற விதியும் 2008இல் நடைமுறைக்கு வந்தது.

இந்த 'மேடே'யே ஆங்கிலச் சொல் இல்லை, மே தினத்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. 1920களில் லண்டன் கிராய்டன் விமான நிலையத்து ரேடியோ அதிகாரி ஒருவர் உண்டாக்கியது. அங்கிருந்து பெரும்பாலும் பாரிஸுக்குத்தான் விமானங்கள் போய்வந்தன. ஆகவே இரண்டு நாட்டுக்காரர்களுக்கும் வாயில் வருகிற மாதிரி, 'எனக்கு உதவு' என்ற பொருள்படும் பிரெஞ்சுச் சொல்லின் ஓசையை எடுத்துக்கொண்டார். அதற்கு ஒரு படி கீழே 'பான்-பான்' என்று இன்னொன்று இருக்கிறது. அவசரம், ஆனால் உயிருக்கு உடனடி ஆபத்து இல்லை என்று பொருள். எச்சரிக்கைச் சொற்கள் எப்போதும் இப்படிப் படிக்கட்டாகத்தான் இருக்கும். எந்தப் படியில் நிற்கிறோம் என்பதுதான் செய்தி.

இங்கிருந்து உங்கள் போர்டுக்கு வருகிறேன். டேஞ்சர், வார்னிங், காஷன் மூன்றும் ஒன்று இல்லை. பல தொழிற்சாலைகள் பின்பற்றுகிற அமெரிக்கத் தரம், ஏஎன்எஸ்ஐ இஸட்535 என்பது, இவற்றைத் தெளிவாகப் பிரித்து வைத்திருக்கிறது. தவிர்க்காவிட்டால் சாவோ படுகாயமோ *நிச்சயம்* என்றால் 'டேஞ்சர்', சிவப்பு. சாவோ படுகாயமோ *ஏற்படலாம்* என்றால் 'வார்னிங்', ஆரஞ்சு. சின்ன அல்லது நடுத்தரக் காயம் ஏற்படலாம் என்றால் 'காஷன்', மஞ்சள். ஆளுக்கு அடிபடாது, மெஷினுக்கோ பொருளுக்கோதான் சேதம் என்றால் 'நோட்டீஸ்', நீலம். முதல் இரண்டுக்கும் நடுவே இருப்பது 'வில்' (will), 'குட்' (could) என்ற இரண்டு துணைவினைகளின் வித்தியாசம்தான். 'ஆகும்', 'ஆகலாம்' என்று நாம் சொல்வது போல.

அப்படிப் பார்த்தால், மின்சாரம் ஓடும் திறந்த பேனலுக்கு டேஞ்சர். தெருமுனை மின்கம்பத்தில் மண்டையோடு போட்டு 'அபாயம்' என்று எழுதியிருக்கிறார்களே, அது சரியான டேஞ்சர். கிரேன் தூக்கும் சுமைக்குக் கீழே நடக்காதே என்பதற்கு வார்னிங். எண்ணெய் சிந்தி வழுக்கும் தரைக்குக் காஷன். "இந்த பிரஸ்ஸுக்கு இந்த கிரேடு ஆயில் மட்டும் ஊற்றவும்" என்பதற்கு நோட்டீஸ். பல ஷாப்புகளில் கழிப்பறைக் கதவு வரைக்கும் டேஞ்சர் ஒட்டியிருப்பதைப் பார்த்திருக்கிறேன். எல்லாமே டேஞ்சர் ஆகிவிட்டால் கண் எதிலும் நிற்காது.

கெமிக்கல் டிரம்களைப் பார்க்கும்போது மட்டும் இந்தக் கணக்கை அப்படியே போடாதீர்கள். ரசாயன லேபிளுக்கு ஐநா சபை வகுத்த முறையில் இரண்டே சொல்தான்: கடுமையானதற்கு டேஞ்சர், அதைவிடக் குறைந்ததற்கு வார்னிங். காஷன் கிடையாது. வானிலைத் துறையில் படிக்கட்டு இன்னும் வேறு. இந்திய வானிலை ஆய்வு மையத்தின் மஞ்சளுக்கு 'வாட்ச்', நிலவரத்தைப் பார்த்துக்கொண்டே இரு. ஆரஞ்சுக்கு 'அலர்ட்', தயாராகு. சிவப்புக்கு 'வார்னிங்', செயலில் இறங்கு. நம் செய்திகளில் மூன்றையுமே 'எச்சரிக்கை' என்று ஒரே சொல்லில் அடைத்துவிடுகிறார்கள். 'ரெட் அலர்ட்' என்று வேறு சொல்வார்கள். அந்தக் கணக்கில் சிவப்புக்கு வரவேண்டியது அலர்ட் இல்லை, வார்னிங். நான் சொல்ல வருவது, உங்கள் ஷாப் ஆரஞ்சு ஒன்று, டிவி ஆரஞ்சு இன்னொன்று. போர்டுக்குப் பக்கத்திலேயே நிறங்களுக்குப் பொருள் எழுதி ஒரு அட்டை மாட்டிவிடுங்கள்.

வாசகத்தில் நான் பார்க்கும் வழக்கமான சறுக்கல் 'பிவேர்'. 'நாய்கள் ஜாக்கிரதை', 'பிக்பாக்கெட் ஜாக்கிரதை' என்பதில் வருகிற ஜாக்கிரதைக்கு நேர்ச்சொல் அது. 'பிவேர் ஆஃப் டாக்ஸ்'. ஆனால் இது ஒரு நொண்டி வினை. 'பிவேர்டு', 'பிவேரிங்' எதுவும் கிடையாது. கட்டளையாகவோ, 'யூ ஷுட் பிவேர்' மாதிரியோதான் வரும். அடுத்தது 'இன்ஃப்ளேமபிள்'. 'இன்' சேர்த்தால் எதிர்ப்பதம் ஆகிவிடும் என்று நினைத்து, தீப்பிடிக்காது என்று எடுத்துக்கொள்கிறவர்கள் உண்டு. 'ஃப்ளேமபிள்', 'இன்ஃப்ளேமபிள்' இரண்டுக்கும் ஒரே அர்த்தம்தான், எளிதில் தீப்பற்றும். நம் டேங்கர் லாரிகளின் முதுகில் இன்னமும் 'ஹைலி இன்ஃப்ளேமபிள்' என்று இருப்பது இந்தப் பழைய வடிவம். நீங்கள் புதிதாக எழுதுவதில் 'ஃப்ளேமபிள்' என்றே போடுங்கள். தீப்பிடிக்காததற்கு 'நான்-ஃப்ளேமபிள்'.

இன்னொன்று, போர்டை ஆங்கிலத்தில் மட்டும் எழுதிவிட்டு நிறுத்தாதீர்கள். சட்டப்படி ஒட்டவேண்டிய அறிவிப்புகள் ஆங்கிலத்திலும், தொழிலாளிகளில் பெரும்பான்மையோருக்குப் புரிகிற மொழியிலும் இருக்க வேண்டும் என்று, 2025 வரை நடப்பில் இருந்த 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைகள் சட்டமே சொல்லியிருந்தது. உங்கள் ஏரியாவில் தமிழ் போதாது. ஒடிசா, பீகார் பையன்கள் நிறைய இருப்பார்கள், இந்தியும் வேண்டியிருக்கும். கத்திச் சொல்லவேண்டிய நேரத்திலும் இதே கதைதான். 'லுக் அவுட்!' என்றால் வெளியே பார் என்று இல்லை, 'பார்த்து!' என்றுதான். 'ஹெட்ஸ் அப்!' என்றால் மேலிருந்து ஏதோ வருகிறது, கவனி. (மெயிலில் 'ஜஸ்ட் எ ஹெட்ஸ்-அப்' என்று வந்தால், முன்கூட்டியே காதில் போட்டு வைக்கிறேன் என்று பொருள். அங்கே தலையில் எதுவும் விழாது.) 'டக்!' என்றால் குனி. ஒரு வகுப்பில் இதைக் கத்திக் காட்டினேன். முப்பது பேரில் ஒருவர்கூடக் குனியவில்லை, ஒருவர் மட்டும் "வாத்து, மேடம்" என்றார். அன்றிலிருந்து என் ஆலோசனை, உயிர் போகிற நேரத்தில் பக்கத்தில் நிற்கிறவனின் மொழியில் கத்துங்கள். "குனிடா!" என்பதை ஆங்கிலத்தில் கத்துவதற்கு யாரும் மார்க் போடப்போவதில்லை.

மேலதிகாரிக்கு எழுதும்போது 'வார்ன்' என்ற வினையில் கொஞ்சம் கவனம். போர்டில் 'வார்னிங்' என்று போடலாம். மெயிலில் "சார், ஐ வார்ன் யூ அபவுட் த ரோப்" என்று போனால் எச்சரிக்கை இல்லை அது, மிரட்டல் மாதிரி இருக்கும். நம் பேச்சிலேயே "உன்னை எச்சரிக்கிறேன்" என்று யார் சொல்வார்கள், யோசித்துப் பாருங்கள். "ஐ வாண்ட் டு ரிப்போர்ட் எ ப்ராப்ளம் வித் த ரோப்" என்றோ, "ஐம் கன்சர்ன்ட் அபவுட் த ரோப்" என்றோ எழுதுங்கள். இந்த 'கன்சர்ன்ட்' பார்க்கச் சாது. அலுவலக ஆங்கிலத்தில் அதற்குக் கனம் அதிகம். இங்கிலாந்துக்காரர் ஒருவர் "ஐம் எ பிட் கன்சர்ன்ட்" என்றால் கொஞ்சம் கவலை என்று மொழிபெயர்த்துக்கொண்டு டீ குடிக்கப் போய்விடாதீர்கள். நன்றாகவே கவலைப்படுகிறார் என்று அர்த்தம். அவர்கள் குறைத்துச் சொல்வதில் நம்மைவிடக் கெட்டிக்காரர்கள்.

இப்போது பயத்துக்கு வருவோம். நமக்கு ஏன் 'ஐ ஆம் ஃபியர்' என்று வருகிறது தெரியுமா? தமிழில் பயம் ஒரு பொருள். அது நம்மிடம் வந்து இருக்கிறது: "எனக்குப் பயமாக இருக்கிறது." ஆங்கிலத்தில் அதையே அடுக்கப் போனால் 'எனக்கு'க்கு 'ஐ', 'இருக்கிறது'க்கு 'ஆம்', 'பயம்'க்கு 'ஃபியர்' என்று விழுந்துவிடுகிறது. அங்கே பயம் வந்து இருப்பதில்லை. ஆளே அந்த நிலைக்குப் போகிறான். ஆகவே பெயர்ச்சொல் போதாது, நிலையைச் சொல்கிற சொல் வேண்டும்: 'ஐ ஆம் அஃப்ரெய்ட்', 'ஐ ஆம் ஸ்கேர்டு'. இரண்டுக்கும் அர்த்தம் ஏறக்குறைய ஒன்றுதான், 'ஸ்கேர்டு' வீட்டுப் பேச்சு. 'ஃபியர்' பெயர்ச்சொல்லாக எங்கேயும் வரலாம். வினையாக, 'ஐ ஃபியர்' என்று, பழைய பாதிரியார் பேசுகிற மாதிரி இருக்கும். விட்டுவிடுங்கள்.

'அஃப்ரெய்ட்'டுக்கு இன்னொரு குணம், பெயர்ச்சொல்லுக்கு முன்னால் வராது. 'அன் அஃப்ரெய்ட் சைல்டு' கிடையாது, 'எ ஃப்ரைட்டன்ட் சைல்டு' என்றுதான். 'ஸ்கேர்டு' என்றால் பயந்தவன். 'ஸ்கேரி' என்றால் பயமுறுத்துவது. சின்னப் பிள்ளைகள் இருட்டில் "ஐ ஆம் ஸ்கேரி" என்று ஓடிவந்தால், பேயே வந்து தன்னை அறிமுகப்படுத்திக்கொண்ட மாதிரி ஆகிவிடும். 'ஃப்ரைட்டன்ட்', 'ஃப்ரைட்டனிங்' இரண்டும் இதே ஜோடி. பயப்படுகிறவனுக்கு முதலாவது, பயப்பட வைப்பதற்கு இரண்டாவது.

உங்கள் இன்ஜினியர் எழுதிய "ஐம் அஃப்ரெய்ட்" இந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததே இல்லை. கெட்ட செய்தியைச் சொல்லும் முன் போடுகிற மரியாதைச் சொல் அது. "மன்னிக்கணும், பார்ட் வரத் தாமதமாகும்" என்கிறார். நம் ஊர் மருத்துவமனை ரிசப்ஷனில் "டாக்டர் இன்னைக்கு இல்லீங்களே" என்று இழுப்பார்களே, அந்த 'ங்களே'தான் இந்த 'ஐம் அஃப்ரெய்ட்'. 'அஃப்ரெய்ட்'டுக்குப் பின்னால் 'ஆஃப்' வந்தால் உண்மையான பயம் என்று எடுத்துக்கொள்ளலாம். நேராக ஒரு செய்தி வந்தால் அநேகமாக மரியாதை. இதில் ஒரு கண்ணி உண்டு. "ஐம் அஃப்ரெய்ட் த ரோப் இஸ் டேமேஜ்டு" என்று நீங்கள் சொன்னால் இலக்கணம் சரி, ஆனால் தொனி வருத்தமாக இருக்கும், அவசரமாக இருக்காது. கிரேன் அடியில் நின்றுகொண்டு மன்னிப்புக் கேட்க வேண்டாம்.

இதற்கு மேல் உள்ள பயச் சொற்கள் உங்கள் ரிப்போர்ட்டுக்குத் தேவைப்படாது. கேட்டுவிட்டீர்கள் என்பதால் சொல்கிறேன். 'நெர்வஸ்' என்றால் இன்டர்வியூவுக்கு முன் வருகிற படபடப்பு. 'டிரெட்' என்றால் வரப்போவதை நினைத்து இப்போதே வருகிற கலக்கம், ஆடிட் வருகிற வாரம் மாதிரி. 'ஸ்டார்ட்டில்டு' திடுக்கிட்டது. 'டெரிஃபைட்' குலைநடுக்கம். 'பெட்ரிஃபைட்' என்பதற்குள் கல் என்று பொருள்படும் பழைய சொல் ஒளிந்திருக்கிறது, பயத்தில் கல்லாய்ச் சமைந்துவிடுவது. 'ஹாரிஃபைட்' சற்று வேறு. தனக்கு ஆபத்து என்ற பயத்தைவிட, பார்க்கக்கூடாததைப் பார்த்துவிட்ட அதிர்ச்சிதான் அதில் அதிகம். 'பேனிக்' நம் பீதி. அதன் இறந்தகாலத்தில் ஒரு 'கே' எழுத்து கூடுதலாக வந்து சேரும், எழுதும்போது பார்த்துக்கொள்ளுங்கள். 'டெரிஃபிக்' மட்டும் கட்சி மாறிவிட்டது, இன்று அதற்குப் 'பிரமாதம்' என்று பொருள். "த ஆக்சிடென்ட் வாஸ் டெரிஃபிக்" என்று எழுதி மாட்டிக்கொண்ட ஒருவரை எனக்குத் தெரியும்.

'அலார்ம்'டு என்றாலும் திகைத்துப்போன, கலவரப்பட்ட என்று பொருள். பிரிட்டனில் அவசரக் கதவுகளில் 'திஸ் டோர் இஸ் அலார்ம்டு' என்று எழுதியிருப்பார்கள். கதவுக்கு எதற்குக் கலவரம் என்று அந்த ஊர்க்காரர்களே கிண்டல் செய்வார்கள். மணி பொருத்தியிருக்கிறது, திறந்தால் அடிக்கும் என்பதுதான் விஷயம்.

இனி ரிப்போர்ட். அதில் பயம் எதுவும் வரவேண்டாம். 'ஐ வாஸ் ஸ்கேர்டு' எல்லாம் வீட்டில் சொல்லிக்கொள்ளுங்கள். 'நியர் மிஸ்' என்பதே மயிரிழையில் தப்பியது என்பதுதான், ஆளுக்கு ஒன்றும் ஆகவில்லை என்று அந்தத் தலைப்பே சொல்லிவிடும். 'ஹசார்டு' என்று ஒரு கட்டமும் 'ரிஸ்க்' என்று ஒரு கட்டமும் அநேகமாக இருக்கும். இரண்டிலும் ஒரே வரியை எழுதிவிட்டு வருவார்கள் நம் ஆட்கள். ஹசார்டு என்பது கேடு செய்யக்கூடிய பொருள் அல்லது நிலைமை, இங்கே இழை பிரிந்த ரோப். ரிஸ்க் என்பது அதனால் கேடு வர எவ்வளவு வாய்ப்பு, வந்தால் எவ்வளவு பெரிய கேடு என்பது. கீழே ஆள் நடமாட்டமே இல்லாத இடத்தில் அதே ரோப் தொங்கினால் ஹசார்டு அதேதான், ரிஸ்க் குறைவு. உங்கள் கேஸில் அடியில் நாலு பேர் நின்றிருந்தால் அதை எண்ணிக்கையோடு எழுதுங்கள்.

என்ன பேசினீர்கள் என்பதையும் மறைக்காமல் எழுதுங்கள். "ஐ யூஸ்டு த ராங் வேர்டு. ஹி அண்டர்ஸ்டுட் தட் த ரோப் வாஸ் சேஃப்." இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. நடவடிக்கை என்ற கட்டத்தில் விமானக்காரர்களிடமிருந்து ஒரு பழக்கத்தைக் கடன் வாங்கி எழுதலாம்: தரையிலிருந்து வருகிற கட்டளையை விமானி திருப்பிச் சொல்லிக் காட்ட வேண்டும். உங்கள் ஷாப்பிலும் ஆபத்துச் செய்தி கேட்டவர் அதைத் திருப்பிச் சொல்லட்டும். அன்றைக்கு அவர் 'குட்' என்றதும் நீங்கள் "சோ, யூ வில் ஸ்டாப் த கிரேன்?" என்று ஒரு வரி கேட்டிருந்தால் அங்கேயே குட்டு உடைந்திருக்கும்.

கடைசியாக ஒன்று. உங்கள் வாக்கியத்தில் 'டவுட்'டை மட்டும் மாற்றிவிட்டு 'கட்'டை அப்படியே விட்டுவிடாதீர்கள். ரோப் தானாக அறுந்தால் 'பிரேக்' அல்லது 'ஸ்னாப்'. 'த ரோப் வாஸ் கட்' என்று எழுதினால் யாரோ வேண்டுமென்றே வெட்டிவிட்டார்கள் என்று ஆகிவிடும். அப்புறம் செக்யூரிட்டி ஆட்கள் உங்களைத்தான் முதலில் கூப்பிட்டு உட்காரவைத்துக் கேள்வி கேட்பார்கள், 'சஸ்பெக்ட்' என்ற சொல்லுக்கு இன்னொரு பொருளும் உங்களுக்குத் தெரிந்துவிடும்.